மாதவராஜ் சாரும் நாலு செட் பம்பையும்

மாதவராஜ் சார் உட்கார்ந்து நான் பார்த்ததில்லை, ஒரே ஒரு தடவையைத் தவிர. காரிமங்கலம் பக்கம் ஒரே அரசுப் பள்ளியில் பல வருஷமாக வேலை பார்க்கிறோம். அவர் கணக்கு, நான் விலங்கியல். ஆசிரியர் அறையில் அவருக்கென்று ஒரு நாற்காலி உண்டு. அதில் அவருடைய சாப்பாட்டுப் பை உட்கார்ந்திருக்கும். அவர் ஜன்னலுக்கும் பீரோவுக்கும் நடுவில் நடந்துகொண்டே சாப்பிடுவார். பஸ்ஸில் சீட் காலியாகக் கிடந்தாலும் கம்பியைப் பிடித்துக்கொண்டு நின்றுதான் வருவார். பிள்ளைகள் அவருக்கு வைத்த பெயர் ‘டவுன் பஸ்’. ஓர் இடத்தில் நின்றாலும் உறுமிக்கொண்டேதான் நிற்கும் என்று அர்த்தமாம்.

“உக்காருங்க சார், உங்களப் பாத்துப் பாத்து எனக்குக் கால் வலிக்குது” என்பேன்.

“உக்காந்தா உள்ள என்னமோ ஓடுதுங்க மேரி டீச்சர்” என்பார்.

என் பெயர் லூர்துமேரி. எனக்கும் பொறுமை கிடையாது. ஆனால் என் அவசரம் வாயில் இருக்கிறது, அவருடையது உடம்பில். அதனால்தானோ என்னவோ எங்களுக்குள் ஒத்துப்போயிற்று. அவரைப் பற்றி எழுதுகிறேன் என்று சொன்னபோது, “எழுதுங்க, ஆனா கணக்கைத் தப்பா எழுதிடாதீங்க” என்று மட்டும் சொன்னார்.

அவர் ஊர் பெரியண்ணன் கொட்டாய். மானாவாரி நிலமும் மாந்தோப்புமாக இருக்கிற சின்ன ஊர். அப்பா பெயர் மாயவன். தக்காளி போடுவார், தக்காளி ஏமாற்றினால் கேழ்வரகு போடுவார். மகனுக்கு இருக்கிற இந்தப் பரபரப்பு அங்கிருந்து வந்ததுதான். தண்ணீர் கட்டிவிட்டு வரப்பில் குந்தாமல் கிணற்றுக்கும் தோப்புக்கும் அலைகிற மனிதராம். சாப்பிடும்போது பாதியில் எழுந்து போய் மாட்டைப் பார்த்துவிட்டு வருவாராம். பிள்ளைகள் பக்கத்தில் போக பயப்படுவார்கள். அடிப்பார் என்று இல்லை, அருகில் நிற்கவே இடம் கொடுக்காத உடம்பு என்றார் சார்.

ஆனால் வருஷத்தில் ஒரு நாள் மாரியம்மன் அந்த உடம்பில் இறங்குவாள். ஊர்ப் பண்டிகைக்கு முன்னால் ஊர்க் கிணற்றடியில் பம்பை அடித்து அழைப்பார்கள். அம்மன் மாயவன் மேல் வந்து, “பண்டிகையை ஏத்துக்கறேன்” என்று வாக்குக் கொடுத்தால்தான் பூங்கரகம் எழும்பும். தலைமுறை தலைமுறையாக அந்த வீட்டு ஆண் பிள்ளைக்குத்தான் அந்த உரிமை. கரகத்தைக் கோயிலில் இறக்கிவிட்டு வீட்டுக்கு வந்த பிறகு மாயவன் வேறு ஆளாக இருப்பாராம்.

“ஒரு வாரம் இருக்கும்ங்க டீச்சர், அப்படியே அடங்கிப் போயிருப்பாரு. குரல் எறங்கிடும். நானும் தங்கச்சியும் பக்கத்துல போயி ஒட்டிக்கிட்டு உக்காருவோம். தலைய தடவிக் குடுப்பாரு. அப்புறம் மறுபடியும் கால்ல சக்கரம் கட்டிக்குவாரு” என்று ஒருநாள் பஸ்ஸில் நின்றபடியே சொன்னார்.

மாதவராஜ் சாருடைய படிப்பும் நடந்து நடந்து படித்ததுதான். தருமபுரி கல்லூரியில் கணக்கு முடித்துவிட்டு ஓசூரில் ஒரு கம்பெனிக்குப் போனார். ஒரே மெஷின் முன்னால் நிற்க வேண்டிய வேலை, தாங்கவில்லை. மாந்தோப்பைச் சுற்றிச் சுற்றி வந்து தேர்வுக்குப் படித்து வாத்தியாரானார். வகுப்பில் முன் பக்கக் கரும்பலகை நிறைந்துவிட்டால் பின் சுவருக்குப் போய்விடுவார். பிள்ளைகள் திரும்பி உட்கார்ந்து எழுதுவார்கள். இதற்காக டாக்டரிடமும் போயிருக்கிறார். எல்லாச் சோதனையும் செய்து பார்த்துவிட்டு ஒன்றுமில்லை என்று சொல்லி அனுப்பினார்களாம். ஒன்றுமில்லை என்று கேட்டதும் இன்னும் பயந்துபோய் வந்தார்.

போன ஐப்பசி மழையில் அப்பா இறந்துபோனார். இந்தச் சித்திரையில் பண்டிகை. உரிமை இப்போது மாதவராஜ் சாருக்கு. நான் அதைக் கேட்டுச் சிரித்தேன், தப்புதான். “முக்கோணவியல் நடத்தற கால்ல சலங்கையா சார்?” என்றேன். அவர் சிரிக்கவில்லை.

“எனக்கு நம்பிக்கை இருக்கா இல்லையான்னே தெரியலைங்க டீச்சர். ஆனா எங்கப்பாவுக்கு அந்த ஒரு வாரம் கெடைச்சுது. எனக்கு அது வேணும். உரிமை, மரியாதை இதெல்லாம் வேண்டாம். அது மட்டும் வேணும்.”

அப்படிக் கேட்கிற ஆளிடம் கேலி பேச முடியுமா?

முதல் அழைப்பு ஒரு செவ்வாய்க்கிழமை. நாங்கள் அப்போது பிளஸ் டூ விடைத்தாள் திருத்தும் மையத்துக்குப் போய்க்கொண்டிருந்தோம். சார் அன்று லீவு. அடுத்த நாள் மதியம் மையத்துப் புங்க மரத்தடியில் நான் தயிர் சோற்றைத் திறந்தபோது வந்து நின்றார். கையில் மஞ்சள் காப்பு இருந்தது. முகத்தைப் பார்த்ததும் தெரிந்துவிட்டது.

“வரலீங்க டீச்சர்.”

மதியத்திலிருந்து பொழுது சாய்கிற வரைக்கும் சென்னப்பன் பம்பை அடித்திருக்கிறார். அவர் மாயவன் காலத்திலிருந்து அந்த ஊருக்கு வாசிக்கிறவர். மற்ற நாளில் பாலக்கோட்டிலிருந்து தக்காளி ஏற்றும் லோடு ஆட்டோ ஓட்டுகிறார். கோபக்காரர். சார் ஈர வேட்டியோடு வேப்பிலையைப் பிடித்துக்கொண்டு நின்றிருக்கிறார். ஜனம் சுற்றி நின்று அவர் கண்ணையும் காலையும் பார்த்துக்கொண்டே இருந்திருக்கிறது. கடைசியில், பண்டிகையை முன்நின்று நடத்துகிற ஊர்க்கவுண்டர் காதோடு வந்து, “சார், சும்மா கொஞ்சம் ஆடிடுங்க. மிச்சத்த அம்மா பாத்துக்குவா” என்று சொல்லியிருக்கிறார்.

“ஆடியிருக்கலாமே” என்றேன்.

“விடை வரலைன்னா வரலைன்னுதான் எழுதணும். கடைசி வரியில விடைய மட்டும் எழுதி வெச்சிருக்கற பேப்பருக்கு நீங்க மார்க் போடுவீங்களா?”

அந்த ஊர் வழக்கப்படி இன்னும் ஓர் அழைப்புத்தான் உண்டு. வருகிற வெள்ளிக்கிழமை. அன்றைக்கும் பொழுது சாய்வதற்குள் அம்மன் வரவில்லை என்றால் காப்பை அவிழ்த்துவிடுவார்கள். இந்த வருஷம் பண்டிகை கிடையாது. உரிமை வேறு வீட்டுக்குப் போய்விடும். பிறகு அவர் தலையில் ஒருநாளும் கரகம் ஏறாது.

மரத்தை ஒரு சுற்றுச் சுற்றிவிட்டு என் முன்னால் வந்து நின்றார். “டீச்சர், உங்க பாடத்துல நரம்பு செல்லு எப்பங்க வேலைய ஆரம்பிக்கும்?”

இந்தக் கேள்விக்குப் பின்னால் என்ன இருக்கிறது என்று யோசித்திருந்தால் பதில் சொல்லியிருக்க மாட்டேன். பாடம் என்றதும் எனக்கு வாய் நிற்காது. ஓட்டைக் குடத்தை நினைத்துக்கொள்ளுங்கள் என்றேன். ஒரு சொம்புத் தண்ணீர் ஊற்றினால் அது ஒழுகிப்போகும். ஒழுகி முடிவதற்குள் அடுத்த சொம்பு, அதற்குள் அடுத்தது என்று ஊற்றினால் மட்டம் ஏறும். விளிம்பு வரைக்கும் ஏறாவிட்டால் ஒன்றும் நடக்காது. விளிம்பைத் தாண்டினால் கொட்டிவிடும். நரம்பு செல்லுக்கும் அப்படித்தான். சின்னச் சின்னத் தூண்டுதல் ஆயிரக்கணக்கில் வந்து விழும். ஒரே இடத்தில் அடுத்தடுத்து வந்தாலும் கூடும், நாலா பக்கத்திலிருந்து ஒரே நேரத்தில் வந்தாலும் கூடும். எல்லையைத் தாண்டினால் செய்தி ஓடும், தாண்டாவிட்டால் இல்லை. பாதிச் செய்தி என்று கிடையாது.

அவர் கண்ணைப் பார்க்க வேண்டுமே! “அப்ப இது கூட்டல்தானுங்களே!”

“கூட்டல்தான், ஆனா...”

“இருங்க, இருங்க.” ஒரு சுள்ளியை எடுத்து மண்ணில் கோடு போட ஆரம்பித்துவிட்டார். “நாம பேப்பர் திருத்தறோம். ஒவ்வொரு பக்கமாக் கூட்டி மொத்தம் போடறோம். அப்புறம் ஒரு மார்க் கேள்வி தனியா, அஞ்சு மார்க் கேள்வி தனியாக் கூட்டிச் சரி பாக்கறோம். ரெண்டும் ஒண்ணா வருது. ஏன் வருது? கூட்டல் நேரானது. பிரிச்சுக் கூட்டிச் சேர்த்தாலும், சேர்த்துக் கூட்டினாலும் ஒண்ணுதான். எல்லாத்தையும் ரெண்டு மடங்காக்கினா மொத்தமும் ரெண்டு மடங்கு. உலகத்துல இதைவிட நாணயமான விஷயம் இல்லைங்க டீச்சர்.”

“சார், நான் சொல்றத முழுசாக் கேளுங்க. செல்லுல எல்லா நேரத்துலயும் அப்படிக் கூட்டல் ஆகாது. சின்னதா, தள்ளித் தள்ளி விழுந்தாத்தான் உங்க கணக்கு நேராப் போகும். ஒரே கிளையில நெருக்கமா வந்து விழுந்தா ஒண்ணும் ஒண்ணும் ரெண்டு ஆகாது, ஒண்ணரைதான் ஆகும். அது போக, தடுக்கறதுக்குன்னே வர்ற செய்தியும் இருக்கு. அது கழித்தல்.”

“கழித்தலும் கூட்டல்தானுங்க, மைனஸ் போட்ட கூட்டல்” என்று சொல்லிவிட்டு மணி அடிப்பதற்கு முன்னாலேயே உள்ளே போய்விட்டார். பாதி கேட்டால் போதும் என்கிற ஆளுக்குப் பாடம் நடத்துவது செவிடன் காதில் சங்கு ஊதுகிற மாதிரிதான்.

அன்று சாயங்காலம் பஸ்ஸில் அவர் போனை விடவேயில்லை. ஒரு செட் பம்பை பென்னாகரம் பக்கத்திலிருந்து, ஒன்று அரூர்ப் பக்கத்திலிருந்து, ஒன்று கர்நாடக எல்லையிலிருந்து, கன்னடத்தில் அம்மனைப் பாடுகிறவர்கள். சென்னப்பனோடு சேர்த்து நாலு. கிணற்றுக்கு நாலு மூலையிலும் நாலு செட். “ஒரு செட்டு என்னைக் கொஞ்ச தூரம் கொண்டுபோச்சுங்க டீச்சர். அது எனக்கே தெரிஞ்சுது, கையெல்லாம் சிலிர்த்துச்சு. பத்தல, அவ்வளவுதான். நாலு செட்டு வெச்சா தாண்டிடும்” என்றார். கம்பியைக் கைமாற்றிக் கைமாற்றிப் பிடித்தார். வேண்டாம் என்று சொல்ல எனக்கு மனசு வரவில்லை. அவர் கேட்டது ஒரு வாரம் அடங்கியிருக்கத்தானே.

வெள்ளிக்கிழமை நானும் போனேன். மையத்தில் பாதி நாள் அனுமதி வாங்கிக்கொண்டு, குடையும் தண்ணீர் பாட்டிலுமாகப் போய் இறங்கினேன். எங்கள் ஊர் மாதா தேரைத் தவிர வேறு திருவிழாவில் நான் முன்வரிசையில் நின்றதில்லை. பெண்கள் பக்கம் வேப்ப மரத்தடியில் சாருடைய தங்கை காவேரி எனக்கு இடம் விட்டார். அரூரில் வாழ்க்கைப்பட்டவர், அங்கன்வாடியில் வேலை. ஒவ்வொரு பண்டிகைக்கும் வந்துவிடுவாராம். கரகத்துக்கு முன்னால் மஞ்சள் தண்ணீர் ஊற்றிக்கொண்டு போவது அந்த வீட்டுப் பெண்ணின் வேலை. இடுப்பில் பித்தளைக் குடம் தயாராக இருந்தது.

மாதவராஜ் சார் கிணற்று மேட்டில் ஈர மஞ்சள் வேட்டியோடு நின்றார். காலில் அப்பாவின் சலங்கை. நாலு மூலையிலும் நாலு செட். அவர் கையைத் தூக்கி இறக்கினார், நாலும் ஒரே நேரத்தில் ஆரம்பித்தன.

அந்தச் சத்தத்தை நான் எப்படிச் சொல்வது! முதலில் வயிற்றில் இடித்தது. பிறகு பல்லில் தெரிந்தது. பென்னாகரத்துக்காரர்கள் ஒரு நடையில் அடித்தார்கள், அரூர்க்காரர்கள் வேறு நடையில். கன்னடத்துப் பாட்டு ஒரு பக்கம் ஏறும்போது தமிழ்ப் பாட்டு இன்னொரு பக்கம் இறங்கியது. ஒருவரை ஒருவர் மிஞ்ச வேண்டும் என்ற ரோஷத்தில் வேகத்தைக் கூட்டிக்கொண்டே போனார்கள். கொஞ்ச நேரத்தில் அது பம்பையாகவே இல்லை. தகரக் கூரையில் ஆலங்கட்டி மழை விழுகிற சத்தமாகிப் போனது. குழந்தைகள் அழுதன. நாய்கள் தோப்புக்குள் ஓடிவிட்டன.

சார் உதடு அசைந்துகொண்டே இருந்தது. மந்திரம் சொல்கிறார் என்று நினைத்தேன். உற்றுப் பார்த்தால் தெரிந்தது, எண்ணுகிறார். நாலு பக்கமும் கண்ணைத் திருப்பித் திருப்பி, எந்த அடி எந்த அடியோடு சேர்கிறது என்று எண்ணிக்கொண்டிருக்கிறார்! எனக்கு வந்த கோபத்தில் போய் உலுக்கலாம் போல இருந்தது.

பக்கத்தில் காவேரி சேலைத் தலைப்பை வாயில் வைத்துக் கடித்துக்கொண்டிருந்தார். முதுகை மரத்தில் அழுத்திக்கொண்டு நின்றார். கட்டைவிரல் நகத்தால் மணிக்கட்டைக் கிள்ளிக்கொண்டே இருந்தார். தோல் சிவந்து போயிருந்தது.

“என்னம்மா, உடம்பு சரியில்லையா?”

“ஒண்ணும் இல்லீங்க டீச்சர். எங்கிட்ட எதாவது பேசிக்கிட்டே இருங்க.”

“என்ன பேசறது?”

“எதையாவது. நிறுத்தாம பேசுங்க.”

பேசுவதற்கு என்னிடம் சொல்ல வேண்டுமா? அவர் காதோரம் வாயை வைத்து மையத்துச் சாம்பாரைப் பற்றிப் பேசினேன், பஸ்ஸைப் பற்றிப் பேசினேன். அவர் ஒவ்வொன்றுக்கும் தலையை ஆட்டினார். ஆனால் கண் வேறெங்கோ இருந்தது. ஒவ்வொரு வருஷமும் இப்படித்தானா என்று கேட்டேன். “சின்ன வயசுல இருந்தே. எங்கப்பாதான் சொன்னாரு, இது உனக்கு வேண்டாம், நீ அடுத்த வூட்டுக்குப் போற புள்ள, தள்ளிப் போயி நில்லுன்னு” என்றார். அவர் எதைத் தடுத்துக்கொண்டு நிற்கிறார் என்று அப்போதுதான் எனக்குப் புரிந்தது. நிறுத்தாமல் பேசினேன்.

பொழுது மாந்தோப்பின் தலைக்கு இறங்கிவிட்டது. ஊர்க்கவுண்டர் நெற்றியில் கையை வைத்து மேற்கே பார்த்தார். சார் மேட்டில் அப்படியே நின்றார், வேட்டிகூடக் காய்ந்துவிட்டது. முகத்தில் அழுகை வந்து நின்றது.

அப்போது சென்னப்பன் பம்பைக் குச்சியைத் தரையில் வீசினார். “நிறுத்துங்கடா! ஆளுக்கொரு பக்கம் வாசல அடைச்சுக்கிட்டு அடிச்சா அவ எந்த வழியா வருவா?”

ஒவ்வொரு செட்டாக அடங்கியது. காதில் ஒரு ரீங்காரம் மட்டும் மிச்சம். நானும் பேச்சை நிறுத்திவிட்டேன். சென்னப்பன் குச்சியைக் குனிந்து எடுத்தார். வேர்வையைத் துடைத்துக்கொண்டு தனியாக ஆரம்பித்தார். மெதுவாக, ரொம்ப மெதுவாக. ஓர் அடி விழுந்து அது காதில் அழிவதற்குச் சற்று முன்னால் அடுத்த அடி. சத்தம் ஏறவில்லை, இடைவெளிதான் கொஞ்சம் கொஞ்சமாகக் குறைந்தது. ஜெபமாலை உருட்டி வளர்ந்த எனக்கே முழங்கையில் மயிர் சிலிர்த்தது. ஊரே மாதவராஜ் சாரைப் பார்த்தது. அவர் கண்ணை இறுக்கி மூடிக்கொண்டிருந்தார். வா, வா என்று அவர் கெஞ்சுவது மூடிய முகத்திலேயே தெரிந்தது.

என் பக்கத்தில் பித்தளைக் குடம் கல்லில் விழுந்தது.

காவேரி ஒரு கத்தல் கத்தினார். மரத்திலிருந்து முதுகு பிய்ந்து வந்தது. கூந்தல் அவிழ்ந்து, இரண்டு கையையும் பின்னால் கோத்துக்கொண்டு கிணற்று மேட்டுக்குப் போனார். வழியில் நின்ற ஆண்கள் தாமாகவே விலகினார்கள். சென்னப்பன் கை நிற்கவில்லை.

ஊர்க்கவுண்டர் துண்டை இடுப்பில் கட்டிக்கொண்டார். கேட்க வேண்டியதைக் கேட்டார். “வந்திருக்கறது யாரு?”

“ஏண்டா, தெரியலையா? வருசா வருசம் வந்து வாசல்லயே நின்னுட்டுப் போறேன். ஒருத்தனும் உள்ள கூப்புடல!”

அந்தக் குரல் அங்கன்வாடியில் பிள்ளைகளுக்குப் பாட்டுச் சொல்லித்தருகிற குரல் இல்லை. என்னைச் சுற்றி நின்ற பெண்கள் கையெடுத்துக் கும்பிட்டார்கள். நான் என் கழுத்துச் சிலுவையைப் பிடித்துக்கொண்டேன்.

ஊர்க்கவுண்டர் சாரைத் தோளைப் பிடித்து எங்கள் பக்கமாக இழுத்துவந்தார். மெதுவாகப் பேசுவதாக அவருக்கு நினைப்பு, எனக்கு எல்லாம் கேட்டது. “இத பாருங்க சார். கட்டிக்குடுத்த பொண்ணு தலையில கரகம் ஏத்தறது இந்த ஊர்ல கெடையாது. ஏத்தினா இந்த உரிமை உங்க வூட்டுக் கையில நிக்காது, அத்தோட போச்சு. பம்பை அடங்கல, பொழுதும் இருக்குது. கண்ண மூடிக்கிட்டு நீங்க ரெண்டு ஆட்டம் ஆடுங்க. மொதல்ல உங்க மேலதான் வந்துச்சு, தெறிச்சது தங்கச்சி மேல விழுந்துச்சுன்னு நான் சொல்லிக்கறேன். நீங்கதான் கரகம் எடுப்பீங்க. வருசா வருசம் நீங்கதான்.”

சாருக்கு முதலில் உதடு நடுங்கியது. பிறகு தோள், கை, சலங்கை கட்டின கால். உடம்பு முழுவதும் உதறிற்று. அவமானம், ஆத்திரம், வயிற்றெரிச்சல் எல்லாம் சேர்ந்த உதறல். அது எனக்குத் தெரியும், தினமும் அந்த ஆளைப் பார்க்கிறவள். ஆனால் ஊருக்குத் தெரியுமா? சலங்கைச் சத்தம் கேட்டதும் ஒரு பெண் குலவை போட்டாள். உடனே நாலு பேர் போட்டார்கள். “சார் மேலயும் வந்துடுச்சு! சார் மேலயும் வந்துடுச்சு!” யாரோ அவர் கழுத்தில் மாலையைப் போட்டார்கள். ஊர்க்கவுண்டர் முகத்தில் நிம்மதி வந்தது. சார் ஒன்றும் செய்ய வேண்டியதே இல்லை. சும்மா இருந்தால் போதும்.

அவர் கண்ணைத் திறந்தார். நடுங்கிக்கொண்டே கையைத் தூக்கினார்.

“இது சாமி இல்லீங்க” என்றார். குலவையில் யாருக்கும் கேட்கவில்லை. வகுப்பில் கடைசி பெஞ்சுக்குக் கத்துகிற குரலில் கத்தினார். “இது சாமி இல்ல! இது நானு! எனக்கு எப்பவும் இப்படித்தான் ஆடும்!”

சென்னப்பன் பம்பை மட்டும் கேட்டது. சார் மாலையைக் கழற்றினார். குனிந்து ஒவ்வொரு காலாகச் சலங்கையை அவிழ்த்தார். முடிச்சு அவசரத்தில் இறுகிக்கொண்டது, பல்லால் கடித்து அவிழ்த்தார். மேட்டில் சுழன்றுகொண்டிருந்த தங்கையின் காலடியில் மண்டிபோட்டு உட்கார்ந்து அந்தக் காலில் அதைக் கட்டினார். அவர் உட்கார்ந்து நான் பார்த்தது அந்த ஒரு முறைதான்.

“கேளுங்க வாக்க” என்றார் ஊர்க்கவுண்டரிடம்.

வேறு வழியில்லாமல் அவர் கேட்டார். “பண்டிகைய ஏத்துக்கறியா தாயே?”

“ஏத்துக்கறேன். தூக்கி வை!”

அதற்கு மேல் யார் பேச முடியும்? கரகம் காவேரி தலையில் ஏறியது. ஊர்வலம் கிளம்பும்போது முன்னால் மஞ்சள் தண்ணீர் ஊற்ற ஆளில்லை என்று ஒரு குழப்பம். சார் ஓடிவந்து என் காலடியில் கிடந்த பித்தளைக் குடத்தை எடுத்தார். ஒடுங்கிப் போயிருந்தது. கிணற்றில் மொண்டு, மஞ்சளைக் கரைத்து, பெண்கள் செய்கிற வேலையைச் செய்துகொண்டு முன்னால் நடந்தார். இரண்டு மூன்று பேர் சிரித்தார்கள். அவர் நடக்கிற வேகத்துக்குக் கரகம் பின்தங்கிவிட்டது. திரும்பத் திரும்ப ஓடிவந்து ஊற்றினார்.

பண்டிகை நல்லபடியாக நடந்தது. உரிமையை என்ன செய்வது என்று ஊர் இன்னும் பேசிக்கொண்டுதான் இருக்கிறது. ஒரு கட்சி காவேரி என்கிறது, ஒரு கட்சி அபச்சாரம் என்கிறது. காவேரி அரூரிலிருந்து போனில், “என்னமோ பண்ணிக்குங்க” என்று சொல்லிவிட்டாராம்.

சார் மையத்துக்குத் திரும்பி வந்த அன்று மதியம் நான் புங்க மரத்தடியில் இருந்தேன். வந்தார், சுற்ற ஆரம்பித்தார். நானாக எதையும் கேட்கக் கூடாது என்று சாப்பாட்டில் கண்ணாக இருந்தேன்.

“எங்கங்க டீச்சர் கூட்டல் தப்பாச்சு?”

“கூட்டல் தப்பாகல சார். நீங்க எண்ணிக்கிட்டே இருந்தீங்க. அது அத்தனையும் கழித்தல்.”

“தங்கச்சியுந்தானுங்க கிள்ளிக் கிள்ளித் தடுத்துக்கிட்டு இருந்தா, மணிக்கட்டப் பாத்தேன். அதுவும் கழித்தல்தான?”

“ஆமா.”

“அவளுக்குத் தாண்டிடுச்சு. எனக்குத் தாண்டல.” அதை அவர் குறையாகச் சொல்லவில்லை. கணக்கில் ஒரு வரியைச் சரிபார்த்துவிட்டு அடுத்த வரிக்குப் போகிற மாதிரி சொன்னார். இன்னும் ஒரு சுற்று வந்தார்.

“ஊருக்குக் கெளம்பறதுக்கு முன்னாடி அவகிட்டக் கேட்டேன் டீச்சர். எப்படி இருந்துச்சு, சொல்லும்மா, எனக்கு மட்டும் சொல்லுன்னேன்.”

“என்ன சொன்னாங்க?”

“ஒண்ணுமே தெரியலண்ணா, கொடம் விழுந்தது வரைக்கும்தான் தெரியும், அப்புறம் நான் அங்க இல்லவே இல்லன்னா.” மரத்தில் கையை ஊன்றிக்கொண்டு நின்றார். கால் நிற்கவில்லை. “அவ இல்லாம இருந்திருக்கறா டீச்சர். அவ்வளவு நேரம். நான் அந்த நாலு பம்பைக்கு நடுவுலயும் இருந்தேன். நான் எப்பவும் இருக்கறேன்.”

நான் டிபன் பாக்ஸை மூடினேன். மணி அடித்தது. பேப்பர் திருத்தப் போனோம்.